எட்டில் ஒன்றும் ஆறில் ஒன்றும்





மஃரிபுக்குப் பின் பிள்ளைகளைக் குர்ஆன் ஓத வைத்து, பிறகு பாடசாலைப் புத்தகங்களையும் எடுத்துப் பார்க்க வைக்கும் பொறுப்பு நம் வீடுகளில் பெரும்பாலும் உம்மாமாரின் தலையில்தான் விழுகிறது. தமிழ், இஸ்லாம், சுற்றாடல் என்று எல்லாவற்றையும் எப்படியோ சமாளித்துவிடும் தாய்மார் பலர், கணிதப் புத்தகத்தில் பின்னம் என்ற பாடம் வந்ததும் "வாப்பா வந்ததும் கேளுங்க மகன்" என்று ஒதுங்கிவிடுகிறார்கள். அதிலும் பகுதியெண் சமனில்லாத பின்னங்களைக் கூட்டும் கணக்கென்றால் சொல்லவே வேண்டாம்.

இம்மாதம் அந்தக் கணக்கைத்தான் உங்களோடு சேர்ந்து செய்து பார்க்கப் போகிறேன். மார்க்க விடயங்கள் வரும் பக்கத்தில் கணிதம் எதற்கு என்று கேட்டுவிடாதீர்கள். அரபுக் கல்லூரிகளில் பராயிழ் எனும் வாரிசுரிமைப் பாடத்தை ஓதும் மாணவர்கள் பின்னம் கூட்டத் தெரியாமல் அந்தப் பாடத்தில் ஓர் அடியும் வைக்க முடியாது. அந்தப் பின்னங்களில் பெரும்பகுதி உங்களுடைய பங்கு. எப்படி என்பதைப் பின்னால் சொல்கிறேன். முதலில் கணக்கைப் பார்ப்போம்.

பிழை எங்கே நடக்கிறது?

எட்டில் ஒன்றையும் ஆறில் ஒன்றையும் கூட்டும்படி பிள்ளையிடம் சொல்லிப் பாருங்கள். பல பிள்ளைகள் மேலே உள்ள ஒன்றையும் ஒன்றையும் கூட்டி 2 என்றும், கீழே உள்ள எட்டையும் ஆறையும் கூட்டி 14 என்றும் எழுதுவார்கள். 2/14 என்பதைச் சுருக்கினால் 1/7. பார்வைக்கு ஒழுங்காகத்தான் இருக்கும்.

இந்த விடை பிழை என்று கண்டுபிடிக்கப் புத்தகத்தின் கடைசிப் பக்கத்தைப் புரட்ட வேண்டியதில்லை. ஒரு ரொட்டியை ஏழு பேருக்குப் பிரித்தால் ஒருவருக்குக் கிடைக்கும் துண்டு பெரிதா, ஆறு பேருக்குப் பிரித்தால் கிடைப்பது பெரிதா? ஆறு பேருக்குப் பிரித்ததுதான் பெரிது. அப்படியானால் ஆறில் ஒன்று ஏற்கெனவே நம் கையில் இருக்க, அதோடு எட்டில் ஒன்றையும் சேர்த்த பின் கையில் இருப்பது ஏழில் ஒன்றாகக் குறைந்துவிட்டது என்றாகிறது! கைப்பையில் இருக்கும் காசோடு இன்னும் கொஞ்சம் போட்டால் காசு குறையுமா?

மேலையும் மேலையும், கீழையும் கீழையும் கூட்டும் இந்த வழியில் வரும் விடை எப்பொழுதும் இரண்டு பின்னங்களுக்கும் நடுவில்தான் போய் நிற்கும். சிறியதைவிடக் கொஞ்சம் கூட, பெரியதைவிடக் குறைவு. அரைவாசியையும் மூன்றில் ஒன்றையும் அப்படிக் கூட்டினால் 2/5 வரும். அது அரைவாசியைவிடக் குறைவு. ஆகவே இந்தப் பிழை எப்போதும் உண்மையான கூட்டுத்தொகையைக் குறைத்தே காட்டும். இதை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள், பின்னர் தேவைப்படும்.

கீழே இருப்பது பெயர்

ஒரு பின்னத்தில் மேலே இருக்கும் எண்ணைத் தொகுதியெண் என்றும், கீழே இருக்கும் எண்ணைப் பகுதியெண் என்றும் பிள்ளைகள் படிக்கிறார்கள். தொகுதியெண் எத்தனை துண்டு என்று எண்ணிச் சொல்கிறது. பகுதியெண் அந்தத் துண்டின் பெயரைச் சொல்கிறது. அதாவது முழுவதையும் எத்தனையாக வெட்டிய துண்டு என்பதை.

தையல் வேலை செய்யும் சகோதரிகளுக்கு இது இலகுவில் விளங்கும். இரண்டு யார் துணியும் மூன்று அங்குலத் துணியும் சேர்ந்தால் ஐந்து என்று யாராவது சொல்வோமா? ஐந்து என்றால் ஐந்து என்ன? யாருமல்ல, அங்குலமுமல்ல. யாரை முதலில் அங்குலமாக்குவோம். இரண்டு யார் 72 அங்குலம். அதோடு மூன்று சேர்ந்தால் 75 அங்குலம். பெயர் ஒன்றான பிறகுதான் எண்ணிக்கையைக் கூட்டினோம். பின்னத்திலும் இதுதான் நடக்கிறது. எட்டில் ஒன்று என்பது ஒரு பெயருடைய துண்டு. ஆறில் ஒன்று வேறொரு பெயருடைய துண்டு. இரண்டையும் ஒரே பெயருக்குக் கொண்டுவர வேண்டும்.

இதைப் பிள்ளைக்குக் கண்ணால் காட்டலாம். பெருநாளைக்குத் தொதல் கிண்டித் தட்டில் ஊற்றி ஆறவிட்டிருக்கிறீர்கள் என்று வைத்துக்கொள்வோம். நீளவாக்கில் நான்கு வரிசையும் குறுக்குவாக்கில் ஆறு வரிசையுமாக வெட்டுங்கள். மொத்தம் 24 துண்டுகள். குறுக்கு வரிசை ஒன்றில் நான்கு துண்டுகள் இருக்கும். அப்படி ஆறு வரிசை இருப்பதால் அது தட்டின் ஆறில் ஒன்று. நீள வரிசை ஒன்றில் ஆறு துண்டுகள். அது தட்டின் நாலில் ஒன்று. அதில் பாதி, அதாவது மூன்று துண்டு, எட்டில் ஒன்று.

இனிக் கூட்டலாம். ஆறில் ஒன்று நான்கு துண்டு, எட்டில் ஒன்று மூன்று துண்டு. சேர்த்தால் ஏழு துண்டு. எல்லாத் துண்டும் இப்போது இருபத்து நான்கில் ஒன்று என்ற ஒரே பெயருடையவை. எனவே விடை 7/24.

தாளில் எழுதும்போது 1/8 என்பதன் மேலையும் கீழையும் மூன்றால் பெருக்கி 3/24 என்கிறோம். 1/6 என்பதன் மேலையும் கீழையும் நான்கால் பெருக்கி 4/24 என்கிறோம். பெருக்கியதால் பங்கு கூடவில்லை. துண்டு சிறிதாகிவிட்டது, அதே அளவுக்குத் துண்டுகளின் எண்ணிக்கை கூடிவிட்டது. பாடப் புத்தகம் இதைச் சமவலுப் பின்னம் என்கிறது.

இது யாருடைய கணக்கு?

இப்போது நமது விடயத்துக்கு வருவோம். எட்டையும் ஆறையும் நான் சும்மா எடுக்கவில்லை. பிள்ளைகளை விட்டுச் சென்ற ஒருவரின் சொத்தில் அவருடைய மனைவியின் பங்கு எட்டில் ஒன்று. பிள்ளைகள் இருக்கும்போது அவருடைய தாயின் பங்கு ஆறில் ஒன்று.

திருக்குர்ஆனின் ஸூரத்துன் நிஸாவில் 11ஆம், 12ஆம், 176ஆம் வசனங்களில் வாரிசுகளின் பங்குகள் கூறப்பட்டுள்ளன. அங்கு வரும் பின்னங்கள் ஆறு மாத்திரமே: 1/2, 1/4, 1/8, 2/3, 1/3, 1/6. இந்த ஆறில் ஒன்றைத் தமக்கென நிர்ணயிக்கப்பட்ட பங்காகப் பெறக்கூடியவர்களைப் பராயிழ் கலை பன்னிரண்டு பேராகக் கணக்கிடுகிறது. அவர்களில் ஆண்கள் நால்வர்: கணவன், தந்தை, தந்தையின் தந்தை, தாய் வழிச் சகோதரன். பெண்கள் எண்மர்: மனைவி, மகள், மகனின் மகள், தாய், பாட்டி, உடன்பிறந்த சகோதரி, தந்தை வழிச் சகோதரி, தாய் வழிச் சகோதரி.

பன்னிரண்டில் எட்டு! மகனுக்கு நிர்ணயிக்கப்பட்ட பின்னம் கிடையாது. பின்னமாக உள்ள பங்குகளைக் கொடுத்த பின் மிஞ்சுவது அவனுக்கு. அவனோடு மகள்மாரும் இருந்தால் மகனுக்கு இரண்டு, மகளுக்கு ஒன்று என்ற வீதத்தில் அந்த மிச்சத்தைப் பிரித்துக்கொள்வார்கள். ஆகவே பின்னங்களைக் கூட்டும்போது தொகை குறைந்தால் மிச்சம் கூடும். அதாவது பிழையாகக் கூட்டினால் நட்டம் மனைவிக்கும் தாய்க்கும். இலாபம் மிச்சத்தைப் பெறுபவருக்கு.

இலக்கத்தில் பாருங்கள். ஒருவர் 48 பேர்ச் காணியை விட்டு மௌத்தாகிறார். மனைவி, தாய், ஒரு மகன், ஒரு மகள் இருக்கிறார்கள். மனைவிக்கு எட்டில் ஒன்று, 6 பேர்ச். தாய்க்கு ஆறில் ஒன்று, 8 பேர்ச். இரண்டும் சேர்ந்து 14 பேர்ச். இது 48இல் 7/24தான். மேலையும் கீழையும் கூட்டி ஏழில் ஒன்று என்று ஒதுக்கினால் இருவருக்கும் சேர்த்தே ஏழு பேர்ச் கூட வராது. தாய்க்கு மட்டும் சேர வேண்டிய எட்டைவிட அது குறைவு.

இன்னொரு பிழையும் உண்டு. பெரியவர்களே செய்யக்கூடியது. முதலில் மனைவியின் எட்டில் ஒன்றை, அதாவது 6 பேர்ச்சைப் பிரித்துக் கொடுக்கிறார்கள். மீதி 42. பிறகு அந்த 42இல் ஆறில் ஒன்றைத் தாய்க்குக் கொடுத்தால் அவருக்குக் கிடைப்பது 7. ஒரு பேர்ச் காணாமல் போய்விட்டது. தாய்க்கு முதலில் எட்டைக் கொடுத்து, மீதி 40இல் எட்டில் ஒன்றை மனைவிக்குக் கொடுத்தாலோ அவருக்கு 5தான் கிடைக்கும். அவருடைய ஒரு பேர்ச் போய்விடும். யார் இரண்டாவதாக நிற்கிறாரோ அவருக்கு நட்டம். இரண்டு பங்கும் ஒரே முழுமையின் பங்குகள் என்பதை மறந்ததால் வந்த வினை இது. கூட்ட வேண்டுமானால் துண்டின் பெயர் மட்டுமல்ல, துண்டு வெட்டப்பட்ட முழுமையும் ஒன்றாக இருக்க வேண்டும்.

நான்கு உறவுகள்

பொதுப் பகுதியெண்ணை எப்படிக் கண்டுபிடிப்பது? பாடசாலையில் இதைப் பொது மடங்குகளுட் சிறியது என்று கற்பிக்கிறார்கள். பராயிழ் ஆலிம்கள் இதற்கு அஸ்லுல் மஸ்அலா, அதாவது கணக்கின் அடி எண் என்று பெயர் வைத்தார்கள். இரண்டு எண்களுக்கிடையே நான்கு வித உறவுகளில் ஒன்று இருக்கும் என்று அவர்கள் வகுத்துத் தந்திருக்கும் முறை, பிள்ளைக்குச் சொல்லிக் கொடுக்க மிக இலகுவானது.

முதலாவது தமாஸுல்: இரண்டும் ஒரே எண். மகன் இருக்க, தாய்க்கும் தந்தைக்கும் ஆறில் ஒவ்வொன்று. 6உம் 6உம் ஒன்றே. அடி எண் 6, கூட்டினால் 2/6.

இரண்டாவது ததாகுல்: சிறிய எண் பெரிய எண்ணை மீதியின்றிப் பிரிக்கும். மனைவிக்கு எட்டில் ஒன்று, ஒரே மகளுக்கு அரைவாசி. 2 என்பது 8ஐப் பிரிக்கும். எனவே பெரிய எண்ணான 8ஐயே எடுத்துக்கொள்ளலாம். 1/8 உடன் 4/8 சேர்ந்து 5/8.

மூன்றாவது தவாபுக்: ஒன்று மற்றதைப் பிரிக்காது; ஆனால் இரண்டையும் பிரிக்கும் பொதுவான ஓர் எண் இருக்கும். நமது 8உம் 6உம் இப்படித்தான். இரண்டையும் 2 பிரிக்கும். ஒன்றை மட்டும் அந்தப் பொது எண்ணால் பிரித்து, மற்றதோடு பெருக்குங்கள். 6ஐ 2ஆல் பிரித்தால் 3. அதை 8ஆல் பெருக்கினால் 24. பொது எண் இரண்டு மூன்று இருந்தால் அவற்றில் பெரியதை எடுங்கள்.

நான்காவது தபாயுன்: ஒன்றைத் தவிர வேறு பொது எண் இல்லை. பிள்ளைகள் இல்லாதவர் மனைவியையும் தாயையும் ஒரு சகோதரனையும் விட்டு மௌத்தானால் மனைவிக்கு நாலில் ஒன்று, தாய்க்கு மூன்றில் ஒன்று. 4க்கும் 3க்கும் பொதுவாக எதுவுமில்லை. பெருக்கிவிடுங்கள்: 12. மனைவிக்கு 3, தாய்க்கு 4, கூட்டினால் 7/12. மிச்சமுள்ள 5 சகோதரனுக்கு.

பிள்ளையின் புத்தகத்தில் 5/12உடன் 7/18ஐக் கூட்டச் சொல்லியிருந்தாலும் இதே வழிதான். 12ஐயும் 18ஐயும் பிரிக்கும் பொது எண்களில் பெரியது 6. 12ஐ 6ஆல் பிரிக்க 2. அதை 18ஆல் பெருக்க 36. முதற் பின்னம் 15/36, இரண்டாவது 14/36, விடை 29/36. மூன்று பின்னங்கள் இருந்தால் முதல் இரண்டுக்கும் பொது எண் கண்டு, அதை மூன்றாவதோடு ஒப்பிட்டுப் பாருங்கள்.

பராயிழில் இன்னும் ஓர் இலகு இருக்கிறது. குர்ஆனில் வரும் ஆறு பின்னங்களையும் எப்படிச் சேர்த்துப் பார்த்தாலும் அடி எண் ஏழில் ஒன்றாகவே வரும்: 2, 3, 4, 6, 8, 12, 24. மனைவியின் எட்டில் ஒன்றோடு ஆறில் ஒன்றோ மூன்றில் இரண்டோ சேர்ந்தால் 24. நாலில் ஒன்றோடு மூன்றில் ஒன்றோ மூன்றில் இரண்டோ ஆறில் ஒன்றோ சேர்ந்தால் 12. இவற்றை மனனம் செய்து வைத்திருக்கும் ஒரு பெண் தன் வீட்டுக் கணக்கின் அடி எண்ணைக் கண்மூடித் திறக்கும் நேரத்தில் சொல்லிவிடலாம்.

ஒரு கணக்கை முடிவு வரை

மேலே சொன்ன குடும்பத்தையே எடுப்போம். இம்முறை காணிக்குப் பதிலாக ரூபா 720,000 என்று வைத்துக்கொள்வோம். அடி எண் 24. மனைவிக்கு 3, தாய்க்கு 4, கூட்டினால் 7. மிச்சம் 17 பங்கு மகனுக்கும் மகளுக்கும். மகனுக்கு இரண்டு, மகளுக்கு ஒன்று என்பதால் 17ஐ மூன்றாகப் பிரிக்க வேண்டும். அது சரியாகப் பிரியாது. என்ன செய்வது? துண்டுகளை இன்னும் சிறிதாக வெட்டுங்கள். 24ஐ 3ஆல் பெருக்கினால் 72. இப்போது மனைவிக்கு 9, தாய்க்கு 12, மிச்சம் 51. அதில் மகனுக்கு 34, மகளுக்கு 17. எல்லாவற்றையும் கூட்டிப் பாருங்கள்: 9, 12, 34, 17 சேர்ந்தால் 72. சரி.

720,000 ரூபாவை 72ஆல் பிரித்தால் ஒரு பங்கு 10,000. மனைவிக்கு 90,000; தாய்க்கு 120,000; மகனுக்கு 340,000; மகளுக்கு 170,000. கடைசியில் நான்கையும் கூட்டி மீண்டும் 720,000 வருகிறதா என்று பார்ப்பதே இந்தக் கணக்கின் அத்தாட்சி. வராவிட்டால் யாருடைய ஹக்கோ எங்கோ விழுந்துவிட்டது.

கூட்டினால் ஒன்றைத் தாண்டினால்?

சில வேளைகளில் பங்குகளைக் கூட்டும்போது தொகை முழுமையை விடக் கூடிவிடும். உமர் (ரழி) அவர்களின் காலத்தில் இப்படியொரு பிரச்சினை எழுந்ததாக அறிவிக்கப்படுகிறது. ஒரு பெண் கணவனையும் உடன்பிறந்த இரு சகோதரிகளையும் விட்டு மௌத்தானார். கணவனுக்கு அரைவாசி, சகோதரிகளுக்கு மூன்றில் இரண்டு. அடி எண் 6. கணவனுக்கு 3, சகோதரிகளுக்கு 4, கூட்டினால் 7. ஆறு துண்டுகள்தாம் இருக்கின்றன. ஏழு துண்டுகளுக்கு ஹக்குதாரர் நிற்கிறார்கள்!

உமர் (ரழி) ஸஹாபாக்களோடு கலந்தாலோசித்து, சொத்தை ஆறாக அல்லாமல் ஏழாகவே பிரித்துக் கணவனுக்கு 3, சகோதரிகளுக்கு 4 கொடுத்தார்கள். ஒருவருக்கு முழுதாகக் கொடுத்து மற்றவரைக் குறைக்காமல், எல்லோருடைய பங்கும் ஒரே வீதத்தில் குறைந்தது. இதற்கு அவ்ல் என்று பெயர். இப்னு அப்பாஸ் (ரழி) பின்னர் வேறு கருத்துக் கொண்டிருந்தாலும் நான்கு மத்ஹபுகளும் அவ்லையே ஏற்றுள்ளன.

அலி (ரழி) அவர்களோடு தொடர்புடைய கணக்கு இன்னும் புகழ்பெற்றது. மனைவி, இரண்டு மகள்மார், தாய், தந்தை. அலி (ரழி) மிம்பரில் இருந்தபோது இது கேட்கப்பட்டதாகவும், மனைவியின் எட்டில் ஒன்று ஒன்பதில் ஒன்றாகிவிட்டது என்று அவ்விடத்திலேயே அவர்கள் விடை சொன்னதாகவும் அறிவிக்கப்படுகிறது. இதனால் இக்கணக்குக்கு மிம்பரிய்யா என்றே பெயர். நாம் தாளில் செய்து பார்ப்போம். அடி எண் 24. மனைவிக்கு 3, மகள்மாருக்கு மூன்றில் இரண்டு 16, தாய்க்கு 4, தந்தைக்கு 4. கூட்டினால் 27. மனைவிக்கு 27இல் 3; சுருக்கினால் ஒன்பதில் ஒன்று. சொத்து ரூபா 540,000 என்றால் ஒரு பங்கு 20,000. மனைவிக்கு 60,000, மகள்மாருக்கு 320,000, பெற்றோருக்கு 80,000 வீதம். கூட்டிப் பாருங்கள், சரியாக 540,000 வரும்.

அப்பாஸிய கலீபா மஃமூனின் காலத்தில், கி.பி. 813க்கும் 833க்கும் இடையில், பக்தாதில் முஹம்மத் இப்னு மூஸா அல் கவாரிஸ்மி எழுதிய அல்ஜப்ர் கணித நூலிலும் இக்கணக்குகளுக்குத் தனி இடமுண்டு. அட்சரகணிதத்துக்கு ஆங்கிலத்தில் வழங்கும் அல்ஜிப்ரா என்ற பெயர் அந்நூலின் பெயரிலிருந்து வந்தது. அதன் பெரும் பகுதி வஸிய்யத், வாரிசுரிமைக் கணக்குகளாகும்.

எதன் பங்கு?

எட்டில் ஒன்று என்றால் எதன் எட்டில் ஒன்று? இந்தக் கேள்வியைக் கேட்காமல் கணக்குக்கு உட்காராதீர்கள். மையித்தின் ஜனாஸாச் செலவு, கடன்கள், பின்னர் மூன்றில் ஒன்றுக்கு மேற்படாத வஸிய்யத் ஆகியன முதலில் கழிய வேண்டும். பங்கு வைக்கப்படுவது அதன் பின் எஞ்சுவதுதான். கணவன் கொடுக்காமல் விட்டிருந்த மஹரும் கடனே. அதை மனைவி முதலில் பெற்றுக்கொள்வாள். எட்டில் ஒன்று அதற்குப் புறம்பானது. அதேபோல் மனைவியின் பெயரில் அவளுடைய பெற்றோர் கொடுத்த வீடோ, அவள் உழைத்துச் சேர்த்த நகையோ கணவனின் சொத்தல்ல. அது அந்த முழுமைக்குள் வரவே கூடாது.

மரண சாசனம் எழுதாமல் மௌத்தாகும் முஸ்லிமின் சொத்து, அவர் சார்ந்திருந்த மத்ஹபின் சட்டப்படியே வாரிசுகளுக்குச் சேரும் என்று இந்நாட்டின் 1931ஆம் ஆண்டு 10ஆம் இலக்கக் கட்டளைச் சட்டமும் கூறுகிறது. எனவே இந்தப் பின்னங்கள் கிதாபில் மட்டும் இருப்பவையல்ல. காணி உறுதியிலும் எழுதப்படுபவை.

சகோதரிகளே! உறுதி எழுத நொத்தாரிசிடம் போகும் நாளில் "எனக்கு ஒன்றும் வேண்டாம், காக்கா பார்த்துக்கொள்வார்" என்று கையெழுத்து வைத்துவிடும் பெண்கள் நம்மில் எத்தனை பேர்! தனது பங்கு இவ்வளவு என்று தெரிந்துகொண்டு, மனம் விரும்பி விட்டுக் கொடுத்தால் அது தாராள மனம், அல்லாஹ்விடம் கூலியுண்டு. எவ்வளவு என்றே தெரியாமல் விடுவதை விட்டுக்கொடுத்தல் என்று எப்படிச் சொல்வது? அறியாத ஒருத்தியின் கையெழுத்தைப் பெற்றுக்கொண்டவருக்கும் நாளை மறுமையில் அது இலகுவான கணக்காக இருக்காது.

ஒன்றை மட்டும் எச்சரிக்கையாகச் சொல்லி வைக்கிறேன். யார் இருந்தால் யாருக்குப் பங்கு கிடைக்காது, யாருடைய பங்கு குறையும் என்ற விதிகள் நுணுக்கமானவை. அதை ஓர் ஆலிமிடம் கேட்டுத் தெரிந்துகொள்ளுங்கள். அவர் பங்குகளைச் சொன்ன பின் கூட்டலை நீங்களே உட்கார்ந்து செய்து பாருங்கள். கேட்பதில் வெட்கமில்லை, சரிபார்ப்பதில் மரியாதைக் குறைவுமில்லை.

உங்களுக்கு ஒரு கணக்கு

ஒரு பெண் கணவன், ஒரே மகள், தாய், உடன்பிறந்த ஒரு சகோதரன் ஆகியோரை விட்டு மௌத்தாகிறார். சொத்து 36 பேர்ச் காணி. கணவனுக்கு நாலில் ஒன்று, மகளுக்கு அரைவாசி, தாய்க்கு ஆறில் ஒன்று, மிச்சம் சகோதரனுக்கு. ஒவ்வொருவருக்கும் எத்தனை பேர்ச்? கீழே பார்க்காமல், பிள்ளையையும் பக்கத்தில் வைத்துக்கொண்டு செய்து பாருங்கள்.

விடை: அடி எண் 12. கணவனுக்கு 3, மகளுக்கு 6, தாய்க்கு 2, கூட்டினால் 11. சகோதரனுக்கு 1. ஒரு பங்கு 3 பேர்ச் என்பதால் கணவனுக்கு 9, மகளுக்கு 18, தாய்க்கு 6, சகோதரனுக்கு 3. மேலையும் கீழையும் கூட்டுபவர் மூவருக்கும் சேர்த்து 3/12, அதாவது நாலில் ஒன்றை ஒதுக்கிவிட்டு மிகுதி 27 பேர்ச்சையும் சகோதரனுக்கு எழுதிவிடுவார். மகளின் அரைவாசியே அங்கு பறந்துவிடும். ஒரு கூட்டல் பிழையின் பாரம் எவ்வளவு என்று பாருங்கள்.

அறிந்து கொடுக்கவும் அறிந்து பெறவும் அல்லாஹ் நம் அனைவருக்கும் தவ்பீக் செய்வானாக, ஆமீன். இன்ஷா அல்லாஹ் அடுத்த இதழில் சந்திப்போம்.

வஸ்ஸலாம்.